மௌனத்துக்கு அப்பீல் உண்டா?

மௌனம் சம்மதத்துக்கு அறிகுறி என்பது உலக வழக்கு. சர்க்கார் கச்சேரிகளில் மட்டும் அந்த வழக்குச் செல்லாது. அங்கே மௌனம் சம்மதமுமன்று, மறுப்புமன்று. பட்டா மாறுதலுக்கோ விதவைப் பென்ஷனுக்கோ மனுச் செய்துகொண்ட ஏழைகள், கிணற்றில் போட்ட கல்லைத் தேடுவோர்போல், மாதக் கணக்கில் கச்சேரி வாசற்படியைத் தேய்த்து வருவதை நேயர்கள் கண்டிருப்பார்கள்.

"கொடுப்பதற்கில்லை" என்று அதிகாரி எழுதிக் கொடுத்துவிட்டால் அவ்வளவு பாதகமில்லை. அந்தக் காகிதத்தை எடுத்துக்கொண்டு மேலதிகாரியிடம் முறையிடலாம். எழுதாத உத்தரவின் மீது யாரிடம் அப்பீல் செய்வது? ஆகவேதான் மறுப்பைக் காட்டிலும் தாமதமே கொடிது என்கிறோம்.

இந்த நோய்க்கு மருந்து மாண்டமஸ் என்னும் ரிட்டு. லத்தீன் மொழியில் அதற்குக் "கட்டளையிடுகிறோம்" என்று பொருள். அன்னிய ஆட்சியில் இந்த மருந்து எப்படி இருந்தது? 1877-ஆம் வருஷத்து ஸ்பெசிபிக் ரிலீப் சட்டத்தின் 45-வது பிரிவின்படி கல்கத்தா, சென்னை, பம்பாய் ஹைகோர்ட்டுகள் இதையொத்த ஆணையைப் பிறப்பிக்கலாம். அதுவும் அந்தந்த நகர எல்லைக்குள்தான். ஆனால், சர்க்காரைக் கட்டுப்படுத்தும் ஆணை எதுவும் கூடாதென்று அதே பிரிவு விலக்கும் விதித்திருந்தது! நோயாளியைத் தொடாமல் வைத்தியம் செய்யச் சொன்ன கதைதான்.

1950 ஜனவரி 26-ல் அமுலுக்கு வந்த நமது அரசியல் சட்டத்தின் 226-வது ஷரத்து இந்த விலக்கைப் பயனற்றதாக்கிவிட்டது. இன்று எந்த ஹைகோர்ட்டும் சர்க்காருக்கே ஆணையிடலாம். சுதந்திரத்தின் பலன்களுள் இதைச் சிறியதென்று நாம் எண்ணவில்லை.

எனினும் ஒன்றை மறக்கலாகாது. இத்தகைய வழக்குகளில் கோர்ட்டார் பெரும்பாலும் "பென்ஷனைக் கொடு" என்று சொல்வதில்லை. "மனுவைப் பரிசீலித்து, இத்தனை வாரத்துக்குள் முடிவு சொல்" என்றே உத்தரவிடுகிறார்கள். முடிவு செய்வது அதிகாரியின் பொறுப்பு. முடிவே செய்யாமலிருக்க அவருக்கு உரிமையில்லை. கெடுவை வேண்டுமென்றே மீறினால் 1971-ஆம் வருஷத்துக் கோர்ட் அவமதிப்புச் சட்டம் குறுக்கிடும். இதற்கு அஞ்சிக் கடைசி நாளில் ஒரே வரியில் மனுவைத் தள்ளிவிடுவோரும் உண்டு. காரணம் கூறாத மறுப்பு, பேசக் கற்றுக்கொண்ட மௌனமே அல்லவா?

மனுதாரர் பக்கத்திலும் குற்றம் இல்லாமலில்லை. பல வருஷங்களுக்கு முன் தீர்ந்துபோன விவகாரத்தைப் புதிய மனுவாக்கிப் "பரிசீலிக்க" உத்தரவு வாங்கிச் செத்த வழக்குக்கு உயிர் கொடுக்கப் பார்ப்போர் இருக்கிறார்கள். 2008-ல் சுப்ரீம் கோர்ட் இதுபற்றி எச்சரித்திருப்பது நியாயமே.

ஆனாலும் ஒரு பதிலைப் பெறுவதற்கு ஏழை ஒருவர் வக்கீல் வைத்து ஹைகோர்ட்டு ஏறவேண்டுமா? வேறு வழி உண்டென்பதற்கு 2005-ஆம் வருஷத்துத் தகவல் உரிமைச் சட்டமே சாட்சி. 30 நாளுக்குள் பதில் தரவேண்டும். தகுந்த காரணமின்றித் தவறினால் நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம், 25,000 ரூபாய் வரை அபராதம். அதைச் செலுத்த வேண்டியவர் பொறுப்பான அதிகாரியே. 2010-ல் மத்தியப் பிரதேசம் பொதுச் சேவைகளுக்கும் இவ்வாறே கெடுவும் அபராதமும் வைத்துச் சட்டம் செய்தது.

ஒவ்வொரு மனுவும் பிறக்கும்போதே அதற்கொரு கெடு நாளும் பிறக்கவேண்டும். கேட்டது கிடைக்குமோ கிடைக்காதோ, பதில் கிடைக்கும் என்ற நம்பிக்கையாவது குடிமக்களுக்கு இருக்கட்டும். பதில் சொல்லக் கடமைப்பட்டதுதான் ஜனங்களின் சர்க்கார்.