கொல்லிமலை நீருக்கு முதல் உரிமையாளர் எவர்?

ஒருவன் தன் நிலத்தை முதலில் ஒருவரிடமும் பின்னர் வேறொருவரிடமும் ஈடு வைக்கிறான். கடன் திரும்பாவிடில் அந்நிலத்தின்மேல் எவருக்கு முன்னுரிமை? முன்னே ஆவணம் பெற்றவருக்கே என்கிறது 1882-ஆம் ஆண்டின் உடைமை மாற்றுச் சட்டம். பின்னே பிறந்த உரிமை முன்னே பிறந்த உரிமைக்குக் கட்டுப்பட்டது என்பது அதன் 48-ஆம் பிரிவு. வெள்ளையன் வட்டிக்காரனுக்கு இட்ட வேலி அது.

அதே 1882-இல் அதே ஆட்சி ஏந்துரிமைச் சட்டத்தையும் இயற்றியது. (வசதியுரிமை என்று வடசொல் கலந்து எழுதுவர்.) ஓடைக்கரை நிலத்தான், பிற கரையாளர்க்குப் பெருங்கேடு நேராதவாறு, குடிக்கவும் கால்நடைக்குக் காட்டவும் வயலுக்குப் பாய்ச்சவும் அவ்வோடை நீரை எடுக்கலாம் என்று அச்சட்டம் ஒப்புகிறது. ஆனால் அதன் 2-ஆம் பிரிவைப் பாருங்கள்! இயற்கைக் கால்களில் ஓடும் நீரைத் திரட்டவும் தேக்கவும் பங்கிடவும் அரசுக்குள்ள உரிமையை இச்சட்டம் சிறிதும் குறைக்காது என்று தொடக்கத்திலேயே எழுதிக்கொண்டனர். பணம் கொடுத்தவருள் முந்தியவன் முதல்வன். நீர் பாய்ச்சுவோருள் எத்தனை தலைமுறை முந்தியவனாயினும் அரசுக்குப் பின்னே அவன்! வெள்ளையன் 1947-இல் போனான், அப்பிரிவு போகவில்லை.

இதன் விளைவைக் கொல்லிமலையில் காணலாம். வல்வில் ஓரி ஆண்ட மலை இது. காரி அவனைக் கொன்று மலையைச் சேரனுக்குக் கொடுத்தான் என்று கழக நூல்கள் கூறும். மலை கைமாறியது, ஓடைக்கரையில் நெல்லும் மேட்டில் சாமையும் விளைவித்த குடிகள் மாறவில்லை. வளப்பூர் நாடு, அரியூர் நாடு, சேளூர் நாடு என நாடுநாடாக வாழும் அம்மலைக்குடிகளே நீருக்கு முதல் உரிமையாளர். அடுத்தவர் அடிவார உழவர். ‘ஆகாய கங்கை’ என்று வடபெயர் சூட்டப்பட்ட அருவியாய் வீழும் அய்யாறு, புளியஞ்சோலை கடந்து துறையூர், முசிறி வட்டங்களுக்குச் செல்கிறது. மூன்றாவதாய் வந்தது மின்வாரியம். மலையோடைகளை மறித்து, நீரைக் குழாய்வழி இறக்கி, 20 மெகாவாட்டு மின்னாக்க அது திட்டம் வகுத்தது. கடைசியில் வந்தவர் தலைமடையில் அமர்கிறார்!

மின்னாக்கம் நீரைக் குடித்துவிடுவதில்லையே என்பர் பொறியாளர். மெய்தான். ஆனால் நீர் எவ்வோடையில், எந்நாளில், எவ்வளவு ஓடும் என்பதை அது மாற்றிவிடும். கதிர் பால்பிடிக்கும் கிழமையில் வாராத நீர், அறுவடைக்குப் பின் வந்து யாருக்கு என்ன பயன்?

நடுவணரசின் 1987-ஆம் ஆண்டு நீர்க்கொள்கை குடிநீரை முதலிலும் பாசனத்தை அடுத்தும் நீர்மின்னை மூன்றாவதும் வைத்தது. 2002-ஆம் ஆண்டுக் கொள்கையும் அவ்வாறே வைத்தது. நன்று! ஆனால் கொள்கை சட்டமன்று. அதைக் கையிலேந்தி நயன்மன்றத்தில் ஒரு மடையைக்கூடத் திறக்க முடியாது. அரசமைப்பின் ஐந்தாம் பட்டியலிலோ தமிழ்நாட்டு மலை ஒன்றேனும் இல்லை. ஆகவே அப்பட்டியல் நிலங்களின் ஊரவைகளுக்கு 1996-இல் கிடைத்த தனியுரிமைகள் கொல்லிமலைக்குக் கிட்டவில்லை.

பழவுரிமைக்கு வருவாய்த் துறை வழங்கிய சொல் ‘மாமூல்’. அச்சொல்லுக்கு இன்று தெருவில் கையூட்டு என்பதே பொருள்! உரிமையை அயற்சொல்லால் எழுதினர். சொல்லும் கெட்டது, உரிமையும் கெட்டது. மடை, மதகு, கலிங்கு, தூம்பு என்று நீரின் ஒவ்வோர் அடிக்கும் பெயரிட்டவர்கள் நாம். உத்தரமேரூரில் ஏரிவாரியம் அமைத்து, அதற்குரியோரைக் குடவோலையால் தேர்ந்த முறையைப் பத்தாம் நூற்றாண்டிலேயே கல்லில் வெட்டியவர்கள் நாம். நமக்கா நீர்ப்பங்கீட்டு முறையை இலண்டன் கற்பிக்க வேண்டும்?

தமிழக அரசு உடனே செய்யத்தக்கது ஒன்றுண்டு. ஓடைதோறும் எவ்வயல் எவ்வாண்டு முதல் எம்முறையில் பாய்கிறது என்பதை மலைமக்கள் வாய்மொழியும் அடிவார உழவர் வாய்மொழியும் கேட்டுத் தமிழில் பதிய வேண்டும். நாமக்கல்லில் மறிக்கும் நீருக்குத் திருச்சி மாவட்ட உழவனையும் அழைத்துக் கேட்க வேண்டும். அப்பதிவில் முந்திய உரிமைகள் நிறைந்து மிஞ்சும் நீரையே மின்னாக்கத்திற்கு விட வேண்டும். வட்டிக்காரனின் ஆவணத்திற்குத் தரும் மதிப்பை உழவனின் மடைக்கும் தரச் சொல்கிறோம். அதற்குமேல் ஒரு துளியும் கேட்கவில்லை.