ஏமாற்றிக் கற்பித்தவர்

ஆசிரியர் மாணவர்களை ஏமாற்றலாமா? ஏமாற்றலாம் என்பதே என் கட்சி. ஆனால் குட்டை அவரே, அந்த வகுப்பு கலைவதற்குள் உடைத்துவிட வேண்டும்.

அமெரிக்க உளவியலாளர் பெர்ட்ரம் ஃபோரர் 1948இல் தம் மாணவர்கள் 39 பேருக்கு ஆளுமைச் சோதனை ஒன்றை வைத்தார். ஒரு வாரம் கழித்து, அவரவர் பெயரிட்ட குணவிவரக் குறிப்பை ஆளுக்கொன்றாகக் கொடுத்து, தமக்கு எவ்வளவு பொருந்துகிறது என்று மதிப்பெண் இடச் சொன்னார். சராசரி, ஐந்துக்கு 4.26. பிறகு அதிலிருந்து ஒரு வரியை உரக்கப் படித்து, இது யார் யார் தாளில் இருக்கிறது என்று கேட்டார். எல்லாக் கைகளும் உயர்ந்தன, வகுப்பே சிரித்துவிட்டது. அத்தனை பேருக்கும் ஒரே குறிப்பு. அதுவும் பெரும்பாலும் கடையில் விற்ற சோதிடப் புத்தகம் ஒன்றிலிருந்து எடுத்தது. (நம் வார ராசிபலன்காரர்களுக்கு இந்தச் சூட்சுமம் புதிதல்ல.)

இங்கே எவரும் தனித்து அசடாகவில்லை. எல்லோரும் சேர்ந்தே ஏமாந்தார்கள். 1968இல் ஜேன் எலியட் என்ற ஆசிரியை, பாகுபாட்டின் வலியை உணர்த்துவதற்காக, மூன்றாம் வகுப்புக் குழந்தைகளைக் கண்ணின் நிறத்தை வைத்து மேல், கீழ் என்று பிரித்தார். நோக்கம் உயர்ந்ததுதான். ஆனால் அங்கே பாதி வகுப்பு குன்றிப்போய் உட்கார்ந்திருந்தது. அதை விளையாட்டோடு சேர்க்க எனக்கு மனம் வரவில்லை.