இரைச்சலின் நுண்மை

இரைச்சலைக் கேட்பதற்கும் துல்லியம் வேண்டுமோ என்று மாணவ நேயர் ஒருவர் நம்மிடம் வினவியிருந்தார். ‘ஹெவி மெற்றல்’ இசையின் முதற்றட்டெனப் பலரும் கொண்டாடும் ‘பிளக் சபத்’ குழுவினரின் முதலாவது இசைத்தட்டை, ஒலியிழப்பில்லாக் கோப்பாக, இரவின் அமைதியில் முழுவதும் கேட்டபின்பே விடை கூறத் துணிகின்றோம்.

1970 பெப்ரவரி 13 இல் வெளியான இத்தட்டு, அதற்கு முந்திய ஒக்டோபரில் லண்டனில் ஏறக்குறைய ஒரே நாளிற் பதிவாயிற்று. பேர்மிங்ஹாம் நகரத்து இளைஞர் நால்வர் மேடையில் வாசிப்பதுபோலவே கூடி வாசித்தனர். செப்பனிட அவகாசம் ஏது? இசையோடு அவர்கள் நின்ற கூடமும் பதிவாகிவிட்டது.

எம்பி3 கோப்பு, செவி கவனியாதெனக் கணித்த ஒலிகளைக் கழித்தே சிறுத்துவிடுகின்றது, கழிந்தது மீளாது. 2001 இல் வந்த ‘ஃபிளாக்’ முறையோ, செக்கனுக்கு 44,100 தடவை அளந்து இறுவட்டிற் பதித்த ஒலியை ஓர் எண்ணும் பிசகாமல் மீட்டுத் தரும். வேட்டியை மடித்து வைப்பது வேறு, கரையைக் கத்தரித்து வைப்பது வேறு அல்லவா?

மழையும் இடியும் மணியோசையும் ஓய, மூன்றே சுரங்களில் கிற்றார் எழுகின்றது. மட்டமான எம்பி3 கோப்பில் நீர்போற் சலசலக்கும் பில் வோட்டின் வெண்கலத் தட்டுகள், இங்கே அடிபட்டு, அதிர்ந்து, மெல்ல அடங்குகின்றன. கிற்றார்க் கலைஞர் ரொனி ஐயோமி, 17 வயதில் தொழிற்சாலை விபத்தொன்றில் வலக்கை விரலிரண்டின் நுனிகளை இழந்தவர். இடக்கைப் பழக்கமுடையவராதலின் தந்தியை அழுத்தவேண்டிய கையே அது. பிளாஸ்டிக்கை உருக்கித் தாமே விரலுறை செய்து வாசித்தார். தந்திமேல் விரல் நகரும் உரசல் காதிற் படுந்தோறும் அந்தக் கை நம் கண்முன் நிற்கின்றது. 2025 ஜூலை 22 இல் தமது 76 ஆவது வயதில் மறைந்த ஒஸி ஒஸ்போன், இதிற் பாடியபோது 20 வயதினர்.

எனினும் நேயருக்கு ஒன்று சொல்வோம். செக்கனுக்கு 320 கிலோபிற் கொண்ட நல்ல எம்பி3 கோப்பையும் இதனையும் பிரித்தறிவது பெரும்பாலோர்க்கு அரிது. சத்தத்தை மட்டுமீறி உயர்த்திய மறுபதிப்பாயின், அக்கேட்டையும் ‘ஃபிளாக்’ பழுதின்றியே காக்கும். ஆதலால் விலையுயர்ந்த கருவி தேடுமுன் நல்ல பதிப்பைத் தேடுக. சத்தத்தைச் சற்றுக் குறைத்தே கேட்குக. அந்த உரசல் அப்போதும் கேட்கும்.