மலைப் புல்வெளியில் மரம் நடாதீர்கள்

தமிழ்நாடு வனத்துறையின் முதன்மைத் தலைமை வனப் பாதுகாவலர் அவர்களுக்கு,

நீலகிரி, பழனி மலைகளின் உயரப் புல்வெளிகளில் எந்தத் திட்டத்தின் பெயராலும் இனி மரக்கன்று நடக்கூடாது என்று கேட்டுக்கொள்ளவே இந்த மடல். இதற்குச் சாட்சியாக ஒரு சிறு செடியை உங்கள் முன் நிறுத்துகிறேன்.

சாட்டிரியம் நேபாலென்ஸே என்பது அதன் அறிவியல் பெயர். இமயமலையிலும் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் இலங்கையின் உயர்ந்த மலைகளிலும் வளர்கிறது. மரக்கிளையைப் பற்றி வாழும் ஆர்க்கிட் இல்லை இது. மண்ணில் கிழங்கு வைத்துப் புல்லோடு புல்லாக வளர்வது. மழை தணியும் காலத்தில் புல்லை விலக்கிப் பார்த்தால் தரையை ஒட்டித் தடித்த இலைகள் இரண்டு மூன்று தெரியும். அவற்றின் நடுவே நிமிர்ந்த தண்டு. அதன் மேற்பகுதி முழுக்க நெருங்கி அடுக்கிய இளஞ்சிவப்புப் பூக்கள். பெரும்பாலான ஆர்க்கிட் பூக்கள் மொட்டாக இருக்கும்போதே அரைவட்டம் திரும்பி, உதடு எனப்படும் இதழைக் கீழே கொண்டுவந்துவிடும். இந்தப் பூ திரும்புவதில்லை. உதடு மேலேயே நின்று முக்காடு போலக் கவிந்திருக்கும். அதன் பின்புறம் மெல்லிய குழல்கள் இரண்டு தொங்கும். தேன் அவற்றுக்குள்தான் இருக்கிறது.

பூத்து முடிந்ததும் தண்டும் இலையும் காய்ந்துவிடும். வறண்ட மாதங்களிலும் உறைபனிக் காலத்திலும் தரைக்கு மேல் அச்செடியின் அடையாளமே இருக்காது. மண்ணுக்குள் கிழங்கு மட்டும் உயிரோடு காத்திருக்கும். அந்த நேரத்தில் வந்து பார்க்கும் அதிகாரிக்கு அது வெறும் புல்தரை. அங்கே கன்றுக்குக் குழி வெட்டினால், என்ன அழிந்தது என்பது வெட்டியவருக்கும் தெரியாது, வெட்டச் சொன்னவருக்கும் தெரியாது.

அழிந்ததைத் திரும்பக் கொண்டுவருவதும் எளிதன்று. ஆர்க்கிட் விதை தூசி அளவே இருக்கும். முளைக்கும் கருவுக்கு ஊட்டம் தரும் சேமிப்பு அதற்குள் கிடையாது. மண்ணில் உள்ள குறிப்பிட்ட பூஞ்சைகள் அந்த ஊட்டத்தைக் கொடுத்தால்தான் அது முளைத்து வளரும். ஆகவே இந்தச் செடியைக் காப்பது என்றால் அந்த மண்ணை, அந்தப் புல்லை, அங்கே விழும் வெயிலைக் காப்பது என்று பொருள்.

அந்த வெயிலைத்தான் சீகை எனப்படும் வாட்டில் மரமும் கற்பூர மரம் எனப்படும் யூகலிப்டசும் பறித்துக்கொண்டன. ஆங்கிலேயர் காலத்தில் வந்த இம்மரங்களை, விடுதலைக்குப் பிறகு தோல் பதனிடும் பட்டைக்காகவும் ஆலைகளின் மரக்கூழுக்காகவும் அரசே பெருமளவில் நட்டது. புல்வெளியைப் பயனற்ற நிலம் என்று கருதியதால் வந்த வினை அது. இப்புல்வெளிகளோ காடு அழிந்ததால் உண்டானவை அல்ல. நீலகிரிச் சதுப்புகளின் கரிமண்ணை ஆராய்ந்து 1993-இல் வெளியான ஆய்வு, ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன்பே இங்கு புல்வெளி இருந்ததைக் காட்டியது. பள்ளத்தாக்குகளில் சோலையும் சரிவுகளில் புல்லும் என்பதே இம்மலையின் இயற்கை. திறந்த வெளியில் முளைக்கும் சோலை மரக்கன்றுகளை உறைபனி கருக்கிவிடுகிறது.

அயல் தாவரங்களை அகற்ற 2022-இல் அரசு தனிக் கொள்கையே வெளியிட்டது. அதை மனமாரப் பாராட்டுகிறேன். அதே ஆண்டில் தொடங்கிய பசுமைத் தமிழ்நாடு இயக்கம், காடும் மரங்களும் சூழ்ந்த பரப்பை 33 விழுக்காடாக உயர்த்த முனைகிறது. சமவெளிக்கு அது தேவைதான். ஆனால் நட்ட கன்றுகளின் எண்ணிக்கையே வெற்றிக்கு அளவுகோலானால், வெயில் விழும் ஒவ்வொரு சரிவும் நடவுக்கு ஏற்ற இடமாகத் தெரியும். சோலை மரமே ஆனாலும் புல்வெளியில் நட்டால் அது புல்வெளிக்குக் கேடுதான்.

எனவே உங்களிடம் நான்கு கோரிக்கைகளை வைக்கிறேன். முதலாவது, உயர்மலைப் புல்வெளிகளை வரைபடத்தில் குறித்து, நடவுத் திட்டங்கள் அனைத்திலிருந்தும் எழுத்து மூலம் விலக்குங்கள்.

இரண்டாவது, சீகையை அகற்றும் இடங்களில் பொக்லைன் கொண்டு மண்ணைப் புரட்ட அனுமதிக்காதீர்கள். மரத்தை வெட்டி, நாற்றுகளைக் கையால் பிடுங்கட்டும். சீகை விதை பல பத்தாண்டுகள் மண்ணில் உயிரோடு கிடக்கும். வெட்டிய மறு மழையிலேயே நாற்று அடர்ந்து முளைக்கும். ஆண்டுதோறும் களை எடுக்க நிதி ஒதுக்காவிட்டால் வெட்டியதே வீண்.

மூன்றாவது, எந்தப் பணியைத் தொடங்கும் முன்பும் பூக்கும் பருவத்தில் ஒருமுறை தாவரக் கணக்கெடுப்பு நடத்துங்கள். கோடையில் எடுக்கும் கணக்கில் கிழங்குச் செடிகள் இடம்பெறாது.

நான்காவது, நீலகிரியில் தோடர் பழங்குடியினரைக் கலந்து முடிவெடுங்கள். எருமை மேய்த்தும், பருவம் பார்த்துப் புல்லுக்குத் தீயிட்டும் இந்த நிலத்தைத் தலைமுறைகளாகப் பேணியவர்கள் அவர்கள். எந்தச் சரிவு எப்போது எப்படி மாறியது என்பதை அவர்களைவிடத் தெளிவாகச் சொல்லக்கூடியவர்கள் இல்லை.

இவற்றுக்குப் புதிய சட்டம் தேவையில்லை; உங்கள் கையெழுத்துடன் ஒரு சுற்றறிக்கை போதும். அடுத்த நடவுப் பருவத்துக்குக் குழி வெட்டும் ஆணை போகும் முன் அந்தச் சுற்றறிக்கை ஒவ்வொரு வனச்சரக அலுவலகத்துக்கும் போய்ச் சேர வேண்டும். அதை உங்களிடம் உரிமையோடு கேட்கிறேன்.

இப்படிக்கு,
மலைப் புல்வெளிகளை நேசிக்கும் ஒரு குடிமகன்