தீவுக் கோட்டையின் தெருக்கள்



பரமத்தி வேலூரில் காவிரிக் கரையில் நிற்கும்பொழுதெல்லாம் எனக்கு ஓர் எண்ணம் எழுவதுண்டு. நம் வாழைத் தோட்டங்களுக்கும் வெற்றிலைக் கொடிக்கால்களுக்கும் பாயும் இந்த நீர், மேட்டூர் அணையை அடையுமுன், ஒகேனக்கல் பாறைகளில் வீழுமுன், கருநாடகத்தில் ஒரு சிறு தீவை இரு கைகளாலும் அணைத்துக்கொண்டு வருகின்றது. அத்தீவுதான் ஸ்ரீரங்கப்பட்டணம். ஒரு காலத்தில் ஆறு மட்டுமன்றி ஆட்சியும் அங்கிருந்தே நமக்கு வந்தது. நாமக்கல் மலைக்கோட்டையும் சங்ககிரிக் கோட்டையும் ஹைதர் அலி, திப்பு சுல்தான் ஆகியோரின் ஆளுகையில் இருந்தவை. 1792ஆம் ஆண்டு உடன்படிக்கையால் சேலமும் பாராமகாலும் கும்பெனியார் கைக்கு மாறும்வரை, நம் மூதாதையரின் தலைநகரம் அதுவே. சேலத்தில் திருமணிமுத்தாற்றங்கரையில் உள்ள ஜாமியா மஸ்ஜிதைத் திப்பு சுல்தான் கட்டினார் என்பதும், அங்கே அவர் தொழுதார் என்பதும் இன்றளவும் ஊரார் சொல்லிவரும் வழக்கு.

அத்தலைநகரை எம் மத்ரஸா மாணவர்கள் கண்ணாரக் காண வேண்டும் என்று விரும்பி, சென்ற ஆண்டு ஒரு வேனில் அவர்களை அழைத்துச் சென்றேன்.

கீழை வாயிலிலிருந்து

தீவின் மேற்கு முனையில் கோட்டை. கிழக்கு முனையில் கல்லறைத் தோட்டம். இரண்டிற்கும் இடையே ஏறத்தாழ ஐந்து கிலோமீட்டர். இந்த ஒரு நேர்கோட்டில்தான் ஒரு பேரரசின் கதை முழுவதும் கிடக்கின்றது.

கோட்டையின் கீழை வாயிலுக்குள் நுழைந்ததும் மஸ்ஜிதே அஃலாவின் இரு மினாராக்கள் வரவேற்கின்றன. 1780களில் சுல்தான் எழுப்பிய பள்ளிவாசல் இது. உயர்ந்த மேடைமீது அமைந்தது. இன்றும் பாங்கொலி கேட்கின்றது; தொழுகை நடைபெறுகின்றது. நாங்கள் லுஹரை அங்கேயே தொழுதோம்.

அங்கிருந்து மேற்கே நடந்தால் ரங்கநாத சுவாமி கோவில். பொது ஆண்டு 894இல் கங்கர் காலத்துத் தலைவர் ஒருவரால் தோற்றுவிக்கப்பட்டதாகக் கூறப்படும் பழங்கோவில் அது. ஊருக்குப் பெயர் தந்ததும் அதுவே. உடையார் மன்னர்கள் 1610இல் இத்தீவைத் தம் தலைநகராக்கிக் கொள்வதற்கு முன்பே நின்ற அக்கோவில், சுல்தானின் காலத்திலும் வழிபாடு குன்றாமல் நின்றது. அதற்கு அவர் வெள்ளிப் பாத்திரங்கள் வழங்கியது வரலாற்றில் பதிவாகியுள்ளது. கோவிலுக்கும் அரண்மனைக்கும் இடையே கூப்பிடு தூரமே இருந்தது.

"ஹஜ்ரத், அந்த அரண்மனை எங்கே?" என்று பன்னிரண்டு வயது மாணவர் ஒருவர் கேட்டார். நான் கைகாட்டிய இடத்தில் புல் முளைத்த வெளியும், அடித்தளக் கற்கள் சிலவுமே இருந்தன. லால் மஹால் என்னும் பெயர் மட்டும் எஞ்சியிருக்கின்றது. அம்மாணவர் அந்த வெளியையே நெடுநேரம் பார்த்துக்கொண்டு நின்றார்.

ஒரு நகரம் காலியான கதை

1799ஆம் ஆண்டு மே 4ஆம் நாள் நண்பகலுக்குப் பின் கோட்டை மதில் உடைப்பின் வழியே கும்பெனிப் படை உட்புகுந்தது. அன்று மாலைக்குள் எல்லாம் முடிந்தது. சுல்தானின் உடல் கண்டெடுக்கப்பட்ட இடத்தில் இன்று ஒரு கல் நிற்கின்றது. மறுநாள் தந்தை ஹைதர் அலியும் தாயாரும் துயிலும் கும்பஸில் அவர் நல்லடக்கம் செய்யப்பட்டார். ஹிஜ்ரி 1213 அது.

ஆட்சி மீண்டும் உடையார்களுக்குத் தரப்பட்டது. தலைநகரம் மைசூருக்குப் பெயர்ந்தது. தீவில் இருந்த கும்பெனிப் படை, விஷக்காய்ச்சலுக்கு அஞ்சி 1809இல் பெங்களூருக்கு அகன்றது. சுல்தான் காலத்தில் ஒன்றரை இலட்சம் மக்கள் வாழ்ந்ததாக மதிப்பிடப்பட்ட இத்தீவில், 1800ஆம் ஆண்டில் புக்கானன் என்னும் ஸ்காட்லாந்து மருத்துவர் ஆய்வுப் பயணமாக வந்தபோது கணக்கிட்டது ஏறத்தாழ 32 ஆயிரம் பேரையே. ஓராண்டுக்குள் ஐந்தில் ஒரு பங்காகச் சுருங்கிய நகரை எண்ணிப் பாருங்கள்!

சுல்தானின் நூலகத்தில் ஏறத்தாழ இரண்டாயிரம் கையெழுத்துப் பிரதிகள் இருந்தன. சார்லஸ் ஸ்டூவர்ட் என்பவர் 1809இல் அவற்றிற்கு அட்டவணை வெளியிட்டார். ஆனால் நூல்கள் கல்கத்தாவுக்கும் இலண்டனுக்கும் போய்விட்டன. லால்பாக் தோட்டத்து அரண்மனையின் மரங்களோ மலையேறின. 1830ஆம் ஆண்டளவில் உதகையில் எழுந்த புனித ஸ்டீபன் தேவாலயத்தின் உத்திரங்கள் அங்கிருந்து கொண்டு செல்லப்பட்டவையே.

கிழக்கு நோக்கி

கோட்டைக்கு வெளியே ஆற்றோரம் தரியா தௌலத் மாளிகை. 1784இல் தேக்கு மரத்தால் கட்டப்பட்டது. அதன் சுவரில் 1780ஆம் ஆண்டு புள்ளலூர்ப் போரின் ஓவியம் விரிகின்றது. காஞ்சிபுரத்திற்கு அருகில் பெய்லியின் கும்பெனிப் படை முறியடிக்கப்பட்ட போர் அது. வியப்பு என்னவெனில், மங்கிப்போன இவ்வோவியத்தைப் பின்னாளில் புதுப்பிக்கச் செய்தவர் கவர்னர் ஜெனரல் டல்ஹௌசி. தம் இனத்தாரின் தோல்வியைக் காட்டும் ஓவியத்தையும் வரலாறு என்று மதித்துக் காத்திருக்கின்றார்.

அடுத்து கஞ்சாம். சுல்தான் அமைத்த புறநகர். சிரா என்னும் பழைய மொகலாயத் தலைமையூரிலிருந்து 12 ஆயிரம் குடும்பங்கள் இங்கே குடியேற்றப்பட்டதாகக் குறிப்புகள் உண்டு. கோட்டைக்குள் சந்துகள் குறுகியும் வளைந்தும் கிடக்க, இங்கே தெருக்கள் அகலமாகவும் நேராகவும் அமைந்ததாகப் புக்கானன் எழுதினார். அப்பால் கும்பஸ். வெளிச்சுற்றில் கருங்கல் தூண்கள். உள்ளே சுவரெங்கும் புலிக்கோடுகள். மாணவர்கள் ஸலாம் கூறி ஃபாத்திஹா ஓதினர்.

எது நிலைத்தது?

திரும்பும் வழியில் அவ்விளம் மாணவர் மீண்டும் கேட்டார்: "பள்ளிவாசல் இருக்கிறது, கோவில் இருக்கிறது, கப்ரு இருக்கிறது. அரண்மனை மட்டும் ஏன் இல்லை?"

வென்றவர் இடித்தார் என்பது பாதி விடைதான். மக்கள் நாள்தோறும் கால்பதித்த இடங்களே நின்றன. தொழுவோரும் வணங்குவோரும் ஸியாரத் செய்வோரும் வந்துகொண்டே இருந்ததால் அவற்றைக் காக்க ஆள் இருந்தது. அரண்மனைக்கு அரசன் போனபின் உரியவர் எவருமில்லை. இடத்தைக் காப்பது கல்லன்று. அதனை அறிந்த மனிதரே!

மனம் இருந்தால் வழியும் பிறக்கும். பெங்களூரு–மைசூரு இரட்டை ரயில் பாதைக்குக் குறுக்கே சுல்தானின் வெடிமருந்துக் கிடங்கு ஒன்று நின்றது. 2017இல் அதனை இடிக்காமல், கட்டடத்தை முழுமையாகவே பெயர்த்து, நூறு மீட்டருக்கும் அப்பால் நகர்த்தி வைத்தார்கள். இதைக் கேட்டு மாணவர்கள் கைதட்டினர். என்னால் கைதட்ட இயலவில்லை.

காரணத்தைச் சொல்ல வெட்கமாகத்தான் இருக்கின்றது. நம் வட்டாரத்துச் சிற்றூர் ஒன்றின் பழைய பள்ளிவாசலில், ஹவ்லுக்கு அருகே ஃபார்சி எழுத்துப் பொறித்த கல்லொன்று இருந்தது. ஒளூச் செய்யும்போதெல்லாம் அதனைப் பார்த்திருக்கின்றேன். "ஒருநாள் படியெடுக்க வேண்டும்" என்று பல்லாண்டுகள் எண்ணிக்கொண்டே இருந்தேன். பள்ளியைப் புதுப்பித்தபின் சென்றேன். பளபளக்கும் டைல்ஸ் தரை, கல்லைக் காணோம். கேட்டேன். "பழைய கல்லையெல்லாம் அஸ்திவாரத்தில் போட்டு நிரப்பிவிட்டோம், ஹஜ்ரத்" என்றார் கொத்தனார். அவர்மீது என்ன குற்றம்? அவருக்கு அது கல். எனக்கு அது எழுத்து. அறிந்தும் வாளாவிருந்தவன் நானல்லவா?

திப்பு சுல்தானைப் பற்றி மேடையில் முழங்குவது எளிது. நம் தெருவுக்கு அப்பெயர் ஏன் வந்தது, நம் கப்ருஸ்தானில் மிகப் பழைய கப்ரு எவருடையது, நம் பள்ளிக்கு மனை வக்ஃப் செய்தவர் யார் என்று கேட்டால் நம்மில் எத்தனை பேர் விடை கூறுவோம்? சங்ககிரியும் நாமக்கல் கோட்டையும் நம் பிள்ளைகளுக்கு விடுமுறை நாளில் ஏறி இறங்கும் மலைகளாக மட்டுமே இருக்கலாமா?

ஜமாஅத் நிர்வாகிகளுக்கு ஒரு வேண்டுகோள். பள்ளியைப் புதுப்பிக்கும் முன் எழுத்துள்ள ஒவ்வொரு கல்லையும் படம்பிடியுங்கள்; இயன்றால் சுவரிலேயே பதித்து வையுங்கள். பெற்றோர்க்கும் ஒன்று. வீட்டில் எண்பதைக் கடந்த நன்னியோ தாதாவோ இருந்தால், ஒரு மாலைப் பொழுதில் பிள்ளைகளை அருகே அமர்த்தி, "அந்தக் காலத்தில் நம் தெரு எப்படி இருந்தது?" என்று கேட்கச் சொல்லுங்கள். சொல்வதை ஒரு நோட்டில் எழுதச் சொல்லுங்கள்.

எம் மத்ரஸாவில் அந்த நோட்டு தொடங்கப்பட்டுவிட்டது. அரண்மனை எங்கே என்று கேட்ட அம்மாணவரின் கையெழுத்தில் முதற்பக்கம் நிரம்பியுள்ளது. அவருடைய தெருவின் பெயரும், அப்பெயர் வந்த காரணமும் அதில் உள்ளன. காரணத்தைச் சொன்னவர் அவருடைய நன்னி.