தன் வீடு காணாத பாரசீகன்

வீட்டுக்கு வந்த விருந்தாளி திண்ணையிலே அமர்ந்து அண்ணாந்து பார்த்தாரானால், முகட்டு வளையிலே கறையான் ஏறியிருப்பதை உடனே கண்டுகொள்வார். அவ்வீட்டிலே பிறந்து வளர்ந்தவருக்கு அது பத்தாண்டுகளாகக் கண்ணிற் பட்டிராது. இந்தச் சிறிய உண்மையை மூலதனமாகக் கொண்டு, பதினேழாம் பதினெட்டாம் நூற்றாண்டுகளிலே மேனாட்டு ஆசிரியர் சிலர் புதுவகை நூல் ஒன்றை ஆக்கினர். தூரதேசத்தான் ஒருவன் பாரிசுக்கோ இலண்டனுக்கோ வருகிறான். தான் கண்ட புதுமைகளைத் தன் ஊராருக்குக் கடிதமாக எழுதுகிறான். எழுதியவன் துருக்கியன் என்றும் பாரசீகன் என்றும் சீனன் என்றும் நூலின் முகப்புச் சொல்லும். வேஷத்தைக் கலைத்துப் பார்த்தால் உள்ளே இருப்பவர் மேனாட்டவரே.

ஏன் இந்த வேஷம் என்று மாணவர்கள் கேட்கலாம். அக்காலத்துப் பிரான்சிலே நூல் அச்சிடுவதற்கு அரசாங்கத்தின் அனுமதி வேண்டும். மன்னனையோ திருச்சபையையோ குறைகூறிய எழுத்தாளர் பஸ்தீல் சிறைக்குப் போகவும் நேரும். ஆனால், ஊர் வழக்கம் அறியாத பாரசீகன் ஒருவன் ஏதேனும் உளறிவிட்டால் அவன்மீது யார் வழக்குத் தொடுப்பது? வேஷம் இவ்வாறு எழுத்தாளருக்குக் குடையாயிற்று. இதனிலும் பெரிய பயன் மற்றொன்றும் உண்டு. அந்நியனுக்குப் பூசையும் தெரியாது, நீதிமன்றமும் தெரியாது, நாடகசாலையும் தெரியாது. தெரியாதவற்றைத் தெரியாதபடியே வருணிப்பான். படிப்பவரோ தம் அன்றாட வழக்கத்தை அப்பொழுதுதான் முதன்முறையாகக் காண்பார்.

இத்துறையிலே முன்னோடி ஜெனோவா நகரத்தவரான மரானா என்பவர். 1684ஆம் ஆண்டிலே பாரிசில் அவர் வெளியிடத் தொடங்கிய நூலின் நாயகன், துருக்கிச் சுல்தானின் ஒற்றனாகிய மஹ்மூத். மொல்தாவிய நாட்டான் என்று வேஷமிட்டு நாற்பத்தைந்து ஆண்டுகள் பாரிசிலே ஒளிந்து வாழ்ந்தானாம்! ஆங்கிலத்திலே இந்நூல் எட்டுத் தொகுதிகளாக விரிந்தது. இன்று அதனை முழுவதும் படிப்பதற்குப் பொறுமை வேண்டும். ஆயினும் வழியைத் திறந்துவிட்ட பெருமை அதற்கே உரியது.

அவ்வழியிலே அரசநடை நடந்தவர் மொன்டெஸ்கியூ. குடியியல் படிக்கும் மாணவர் இப்பெயரை நன்கு அறிவர். சட்டமாக்கும் அதிகாரம், ஆட்சி நடத்தும் அதிகாரம், நீதி வழங்கும் அதிகாரம் ஆகிய மூன்றும் ஒரு கையிலே சேர்ந்துவிடலாகாது என்று 1748ஆம் ஆண்டில் எழுதி உலகப் புகழ் பெற்றவர் அவர். ஆனால் அதற்கு இருபத்தேழு ஆண்டுகளின் முன்னரே, 1721இல், போர்தோ நகர நீதிமன்றத்தின் தலைவர்களுள் ஒருவராக இருந்தபோது, 'பாரசீகக் கடிதங்கள்' என்ற நூலை ஆசிரியர் பெயரின்றி ஒல்லாந்திலே அச்சிடுவித்தார். அப்பொழுது அவருக்கு வயது முப்பத்திரண்டு. நீதிபதி ஒருவர் இத்தகைய குறும்பு நூலை எழுதினார் என்று தெரிந்தால் ஊர் என்ன சொல்லும்?

நூலிலே உஸ்பெக், ரிக்கா என்னும் இரு பாரசீகர் 1711இல் இஸ்பகானைவிட்டுப் புறப்பட்டு மறு ஆண்டு பாரிசை அடைகின்றனர். ரிக்கா இளைஞன், சிரிக்கத் தெரிந்தவன். பாரிசின் வீடுகள் ஒன்றன்மேல் ஒன்றாக உயர்ந்து நிற்பதைப் பார்த்து, வானநூல் சோதிடர்தாம் இங்கே குடியிருக்கிறார்களோ என்று ஐயுறுகிறான். தெருவிலே எல்லோரும் ஓடுகிறார்கள்; இடிக்கிறார்கள்; இடிபட்டவன் திரும்பிப் பார்ப்பதற்குள் இன்னொருவன் இடிக்கிறான். பிரான்சு மன்னன் பெரிய மந்திரவாதி என்பது அவன் முடிவு. கருவூலத்திலே பாதிப் பணந்தான் உண்டென்றால், ஒரு நாணயம் இரண்டுக்குச் சமம் என்று மன்னன் சொல்லுகிறான், மக்கள் நம்பிவிடுகின்றனர். காகிதத் துண்டைப் பணம் என்கிறான், அதையும் நம்புகின்றனர். இதைப் படித்துச் சிரித்த பாரிஸ் மக்களின் கண்ணிலே நீரும் தளும்பியிருக்கும். ஏனெனில், ஜோன் லோ என்பவர் நடத்திய காகிதப் பணத் திட்டம் சரிந்து பல குடும்பங்கள் நொடித்த 1720ஆம் ஆண்டு அப்பொழுதுதான் கழிந்திருந்தது.

ரிக்காவின் இன்னொரு கடிதம் எனக்கு மிகவும் பிடித்தமானது. பாரசீக உடையிலே அவன் போகுமிடமெல்லாம் கூட்டம் கூடுகிறது. கடைகளிலே அவன் படம் தொங்குகிறது. இத்தனை புகழுக்குத் தான் தகுதியானவன் அல்லன் என்று கூசி, அவன் ஒருநாள் ஐரோப்பிய உடைக்கு மாறுகிறான். உடனே அவனை ஏறெடுத்துப் பார்ப்பவர் எவரும் இல்லை. தையற்காரன் ஒருவனால் தன் பெருமை முழுவதும் போயிற்றே என்று வருந்துகிறான். சபையிலே யாராவது இவர் பாரசீகர் என்று சொல்லிவிட்டால் மட்டும், ஒரு மனிதன் பாரசீகனாக இருப்பது எப்படி இயலும் என்று அவர்கள் வாய்பிளந்து வியக்கின்றனர். தாங்கள் பிரெஞ்சுக்காரராக இருப்பது எப்படி இயன்றது என்று அவர்களுள் ஒருவரும் கேட்டுக்கொள்ளவில்லை.

மொன்டெஸ்கியூ பாரசீகத்தை மிதித்தவர் அல்லர். அங்கு இருமுறை சென்று வந்த நகை வியாபாரி சார்டினும், தவெர்னியே என்ற இன்னொரு வியாபாரியும் எழுதிய பயண நூல்களே அவருக்கு ஆதாரம். உண்மையான பாரசீகர் ஒருவர் பிரான்சுக்கு வந்ததும் உண்டு. முகம்மது ரெசா பேக் என்ற தூதரைப் பதினான்காம் லூயி மன்னன் 1715ஆம் ஆண்டு பெப்ரவரி 19ஆம் திகதி வெர்சாய் மாளிகையிலே வரவேற்றான். இவர் உண்மையான தூதர்தாமா என்று பலர் முணுமுணுத்தனர். நூலிலே உஸ்பெக்கும் அவரை வேஷக்காரர் என்றே எழுதுகிறான். காகிதத்திலே பிறந்த பாரசீகன், தாய் வயிற்றிலே பிறந்த பாரசீகரைப் பார்த்துப் பொய்யர் என்கிறான்! இதைவிட விசித்திரம் வேறென்ன வேண்டும்?

நூல் விற்ற வேகம் ஒல்லாந்துப் புத்தக வியாபாரிகளைப் பித்தராக்கியது. வழியிலே போவோரின் சட்டைக் கையைப் பிடித்திழுத்து, எமக்கும் பாரசீகக் கடிதங்கள் எழுதித் தாரும் என்று கேட்டார்களாம். மொன்டெஸ்கியூவே பிற்காலத்திலே எழுதிவைத்த செய்தி இது. யூதர் கடிதங்கள், சீனர் கடிதங்கள் என்று வரிசையாக வந்தன. 1747இல் கிராபிஞ்ஞி சீமாட்டி எழுதிய நூலிலே பெருநாட்டுப் பெண் சீலியா, பிரெஞ்சுப் பிரபு ஒருவன் மணக்க விரும்பியும் மறுத்துத் தனித்து வாழ்கிறாள். வாசகர்களாலே இதைத் தாங்க முடியவில்லை. வேறு சிலர் தொடர்கதை எழுதி அவளுக்கு மணமுடித்து வைக்கப் பார்த்தனர். இஸ்பானியாவிலே கடல்சோ எழுதிய மொரோக்கோ நாட்டான் கடிதங்கள், அவர் இறந்தபின் 1789இல் வெளியாயின.

ஆங்கிலத்திலே இவ்வகை நூல்களுள் தலைசிறந்தது ஒலிவர் கோல்ட்ஸ்மித் எழுதியது. அயர்லாந்திலே பிறந்து இலண்டனிலே பேனாவை நம்பிப் பிழைத்த அவர், 1760ஆம் ஆண்டு ஜனவரியில் நாளிதழ் ஒன்றிலே லியென் சி அல்தாங்கி என்ற சீன அறிஞர் பெயரால் கடிதங்கள் எழுதத் தொடங்கினார். வாரந்தோறும் பத்திரிகையை எதிர்பார்த்திருக்கும் நம் வாசகருக்கு அந்த இலண்டன் வாசகரின் ஆவல் புரியும். 1762இல் 'உலகக் குடிமகன்' என்ற பெயரோடு அவை நூலாயின. ஒரு கடிதத்திலே சீமாட்டி ஒருத்தி அல்தாங்கியை விருந்துக்கு அழைக்கிறாள். மற்றவர் நாற்காலியிலே அமர, இவருக்கு மட்டும் தரையிலே மெத்தை. கரடிப் பாதம் வேண்டுமா, பறவைக்கூடு வேண்டுமா என்று உபசரிக்கின்றனர். அவரோ பக்கத்து மேசையில் இருந்த மாட்டிறைச்சியிலே ஒரு துண்டு கேட்கிறார். சபை திகைக்கிறது. சீனன் மாட்டிறைச்சி தின்பானா? கீழ்நாட்டார் பேசும் அலங்காரமொழி எங்கே? இவர் சீனர் மாதிரியே இல்லையே என்று அவருக்கே சீனத்தைக் கற்பிக்கப் புறப்படுகின்றனர். தம்முடைய சொந்தத் தந்திரத்தையே கோல்ட்ஸ்மித் இங்கே கேலி செய்துகொள்கிறார் என்பது என் எண்ணம். அவருடைய சீனரும் அப்படி ஏட்டிலே செய்த சீனர்தாமே.

அப்படியானால் உண்மையான கீழ்நாட்டவர் எவரும் ஐரோப்பியருக்கு இவ்வாறு கடிதம் எழுதவில்லையா என்று கேட்கத் தோன்றும். எழுதியிருக்கின்றனர், அவர்கள் தமிழர். கற்பனைப் பாரசீகர் பாரிசை அடைந்ததாகச் சொல்லப்படும் அதே 1712ஆம் ஆண்டிலே, தரங்கம்பாடியில் இருந்த சீகன்பால்கு ஐயரும் கிருண்ட்லர் ஐயரும் தமிழர் பலருக்குக் கேள்விகள் எழுதியனுப்பி விடை பெறத் தொடங்கினர். அவ்வாறு கிடைத்த கடிதங்களுள் தொண்ணூற்றொன்பது, ஜெர்மன் மொழியிலே பெயர்க்கப்பட்டு, ஹாலே நகரத்திலே 1714இலும் 1717இலும் அச்சேறின. உங்கள் மார்க்கத்தை எங்கள் மக்கள் ஏன் இகழ்கின்றனர் என்பதற்கு ஒருவர் தந்த விடையிலே அலங்காரம் எதுவும் இல்லை. நீங்கள் பசுவைக் கொன்று தின்கிறீர்கள். வெளிக்குப் போய்வந்தபின் கழுவுவதில்லை. மது அருந்துகிறீர்கள் என்று அவர் பட்டியல் போடுகிறார். ரிக்காவின் நகைச்சுவை இதில் இல்லைத்தான். எனினும் இது ஒரு பிரெஞ்சு நீதிபதி தமக்குத்தாமே சொல்லிக்கொண்ட குற்றச்சாட்டன்று. நேரிலே கண்டவர் சொன்னது. கேள்வியைத் தெரிந்தெடுத்தவரும், மொழிபெயர்த்துக் குறிப்பெழுதியவரும் பாதிரிமாரே என்பதையும் மறந்துவிடலாகாது. மேனாட்டு வாசகர் கற்பனைப் பாரசீகனைக் கொண்டாடினர். இந்தத் தமிழர் கடிதங்களோ மிஷன் அறிக்கைகளின் நடுவே நெடுங்காலம் கிடந்தன.

பாரசீகக் கடிதங்களின் மறுபாதியைப் பற்றி இன்னும் சொல்லவில்லை. பாரிசைப் பார்த்துச் சிரிப்பதோடு நின்றிருந்தால் அந்நூலும் ஒரு நல்ல பொழுதுபோக்காகவே முடிந்திருக்கும். உஸ்பெக் இஸ்பகானிலே ஓர் அந்தப்புரத்தை விட்டு வந்திருக்கிறான். அங்கே ஐந்து மனைவியர். அவர்களைக் காப்பதற்கு ஆண்மை நீக்கப்பட்ட அடிமைகள். பாரிசிலே அவன் நீதியைப் பற்றியும் சுதந்திரத்தைப் பற்றியும் அறிஞரோடு அளவளாவுகிறான். ஊரிலிருந்து வரும் கடிதங்களோ வீடு குலைகிறது என்கின்றன. அக்காலத்திலே ஒரு கடிதம் போய்ச்சேரப் பல மாதங்கள் செல்லும். உஸ்பெக் தலைமைக் காவலனுக்கு முழு அதிகாரம் கொடுத்து, அச்சமும் நடுக்கமும் உன்னோடு செல்லட்டும் என்ற கருத்திலே எழுதியனுப்புகிறான். ஆணை சேர்வதற்குள் காவலன் இறந்துபோகிறான். அடுத்துப் பொறுப்பேற்ற கிழ அடிமை நார்சித், கடிதம் இறந்தவன் பெயருக்கு வந்தது என்பதனால், எசமானிடம் வைத்த பக்தியினாலே அதைப் பிரிக்காமல் சுற்றிப் பத்திரமாக வைத்துவிட்டு, இனி என்ன செய்ய என்று கேட்டெழுதுகிறான்.

உஸ்பெக் அந்த ஆணையை எழுதிய ஆண்டு 1718. அதே 1718இலே வெனிஸ் நகரத்திலிருந்த நண்பனுக்கு அவன் வேறொரு கடிதம் எழுதுகிறான். உலகிலே சனத்தொகை ஏன் குறைகிறது என்பது அதன் பொருள். ஒருவன் பல மனைவியரை அடைத்துவைப்பதும், அவர்களைக் காக்க எத்தனையோ ஆண்களின் வாழ்வைப் பாழாக்குவதும் நாட்டுக்குக் கேடு என்று அதிலே அமைதியாக வாதிக்கிறான். அந்தக் கையேதான் பூட்டை இறுக்கச் சொல்லி எழுதியது. இரண்டு கடிதங்களும் ஒரு மேசையிலே எழுதப்பட்டன என்ற நினைவே அவனுக்கு இல்லை.

மனைவியருள் இளையவள் ரொக்ஸான். அவள் தன்னிடமிருந்து ஒதுங்கியதை நாணம் என்று கருதி, முன்னொரு கடிதத்திலே உஸ்பெக் அவளை மனமார மெச்சியிருந்தான். 1720ஆம் ஆண்டுத் திகதியிட்ட அவளுடைய கடிதமே நூலின் கடைசிக் கடிதம். தன் காதலனைக் காவலர் கொன்றனர் என்றும், அவர்களைக் கொன்றுவிட்டுத் தான் நஞ்சுண்டாள் என்றும் அதிலே அறிவிக்கிறாள். அடைபட்டிருந்த காலத்திலும் தன் மனம் அவனுக்கு அடிமையாக இருந்ததில்லை என்றும், தன் வெறுப்பையே அவன் பணிவென்று எண்ணி மகிழ்ந்திருந்தான் என்றும் எழுதுகிறாள். எழுதிக்கொண்டிருக்கும்போதே கை சோர்கிறது. உஸ்பெக் எழுதிய பதில் நூலிலே இல்லை.