ஆட்டம் எந்தக் கடையில்?

இந்திய அணி ஆடப்போகிறது என்று செய்தி வருகிறது. எந்த ஊரில் ஆடுகிறது என்பது தெரிகிறது. எத்தனை மணிக்கு என்பது தெரிகிறது. யாரை எதிர்த்து என்பதும் தெரிகிறது. எதிலே பார்ப்பது என்பது மட்டும் தெரிவதில்லை! வீட்டிலே தொலைக்காட்சிப் பெட்டி இருக்கிறது. கேபிளுக்கு மாதாமாதம் பணம் கட்டியாகிறது. கைப்பேசிக்கு ரீசார்ஜ் தனி. இத்தனை இருந்தும், பந்து வீசத் தொடங்கும் நேரத்தில் வீட்டுக்கு வீடு நடப்பது என்ன? ஒருவர் ரிமோட்டை அமுக்கி அமுக்கி ஓய்ந்துபோகிறார். இன்னொருவர் கைப்பேசியில் ஒவ்வொரு செயலியாகத் திறந்து மூடுகிறார். வீட்டுப் பெரியவர் பக்கத்து வீட்டுப் பையனைக் கூப்பிட்டு, "தம்பி, எதிலப்பா போடுகிறான்?" என்று கேட்கிறார்.

நாட்டிலே ஆயிரம் தொல்லைகள் இருக்க, பந்தாட்டம் பார்ப்பதற்கு ஒரு கட்டுரையா என்று கேட்போர் உண்டு. கேட்கட்டும். பந்தும் மட்டையும் இங்கே வெறும் சாக்கு. பொதுமக்களுக்குப் பொதுவாக இருந்த ஒன்று, கோடிக்கணக்கான பேர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே எப்படிச் சிலருடைய கைக்குப் போகிறது என்பதைக் கண்டுகொள்ள இதைவிட நல்ல சான்று நமக்குக் கிடைக்கப் போவதில்லை.

2025ஆம் ஆண்டையே எடுத்துக்கொள்வோம். ஜனவரியில் சிட்னியில் டெஸ்ட் பந்தயம். ஸ்டார் தொலைக்காட்சியிலும் ஹாட்ஸ்டாரிலும் வந்தது. பிப்ரவரியில் சாம்பியன்ஸ் டிராபி; அதற்குள் ஹாட்ஸ்டார் 'ஜியோ ஹாட்ஸ்டார்' என்று பெயர் மாறிவிட்டது. ஜூனில் இங்கிலாந்துப் பயணம். தொலைக்காட்சி உரிமை சோனியிடம், இணைய ஒளிபரப்பு ஜியோ ஹாட்ஸ்டாரிடம். ஒரே ஆட்டம், ஒரே பந்து, பெட்டியில் பார்த்தால் ஒரு முதலாளி, கைப்பேசியில் பார்த்தால் இன்னொரு முதலாளி! செப்டம்பரில் ஆசியக் கோப்பை. அது சோனியின் சொந்தச் செயலியான சோனி லிவ்வில். அக்டோபரில் ஆஸ்திரேலியப் பயணம். மறுபடியும் ஜியோ ஹாட்ஸ்டார். கார்ப் பந்தயப் பிரியர்களோ ஃபேன்கோட் என்ற மூன்றாவது வாசலில் நிற்கவேண்டியிருந்தது. பஞ்சாங்கம் பார்த்து நல்ல நேரம் குறிப்பதுபோல, இனி ஆட்டம் பார்ப்பதற்கும் ஒரு பஞ்சாங்கம் அச்சிட்டு விற்கலாம். நல்ல வியாபாரம் நடக்கும்.

சரி, வாசலைக் கண்டுபிடித்து உள்ளே போய்விட்டோம் என்று வைத்துக்கொள்வோம். ஆட்டம் கண்ணெதிரே இருக்கிறதா? பெரிய ஆட்டமாக இருந்தால் இருக்கும். பெண்கள் ஆடும் பந்தயம், உள்நாட்டு அணிகளின் பந்தயம், ஹாக்கி, கபடி என்றால் தொடர்நாடகங்களையும் திரைப்படங்களையும் விலக்கிக்கொண்டு பல படிகள் கீழே இறங்கித் தேடவேண்டும். தேடிப்பிடித்துத் தொட்டால், சில வேளை அது நேரடி ஆட்டமே அல்ல. நேற்றைய ஆட்டத்தின் சுருக்கம்! கடைக்காரர் கண்ணுக்கு நேரே எதை அடுக்குகிறாரோ அதைத்தான் வாடிக்கைக்காரர் எடுக்கிறார். செயலியின் முகப்பும் கடை அலமாரிதான். "உங்கள் விருப்பம், உங்கள் தேர்வு" என்று விளம்பரம் சொல்கிறது. அலமாரியை அடுக்குகிறவர் ஒருவர், அதிலிருந்து எடுப்பவர் இன்னொருவர் என்றால், தேர்வு யாருடையது?

ஒன்றை மட்டும் மனமார ஒப்புக்கொள்ள வேண்டும். 2023ஆம் ஆண்டு ஐ.பி.எல். ஆட்டங்களை ஜியோ சினிமா செயலி தமிழ், போஜ்புரி உள்ளிட்ட 12 மொழிகளில் காட்டியது. நம்முடைய மொழியிலே வருணனை கேட்டுக்கொண்டு ஆட்டம் பார்க்கிற வசதி பாமரனுக்குக் கிடைத்தது சிறிய காரியமல்ல. அன்று அதற்குக் கட்டணமும் இல்லை. சென்னையும் குஜராத்தும் மோதி நள்ளிரவு தாண்டி முடிந்த அந்த இறுதியாட்டத்தை, ஒரே நேரத்தில் 3 கோடியே 20 இலட்சம் பேர் அந்தச் செயலியில் பார்த்தார்கள். அதே ஆண்டு நவம்பர் 19ஆம் நாள் நடந்த உலகக் கோப்பை இறுதியாட்டத்தைக் கைப்பேசியில் இலவசமாகக் காட்டியது ஹாட்ஸ்டார். அங்கே ஒரே நேரத்தில் பார்த்தவர்கள் 5 கோடியே 90 இலட்சம் பேர்.

ஏன் இந்தத் தாராளம்? நம் ஊரில் தேயிலை விற்க வந்தவர்கள் முதலில் தெருத்தெருவாக இலவசமாகத் தேநீர் ஊற்றிக்கொடுத்த கதையைத் தாத்தாக்கள் சொல்லக் கேட்டிருப்போம். நாக்கு பழகிய பிறகு பொட்டலம் விலைக்கு வந்தது. அதே கதைதான் இங்கும்.

2022 ஜூனில் ஐ.பி.எல். ஒளிபரப்பு உரிமை ஐந்தாண்டுகளுக்கு ஏலம் போயிற்று. மொத்தம் 48,390 கோடி ரூபாய்! தொலைக்காட்சி உரிமையை 23,575 கோடிக்கு டிஸ்னி ஸ்டார் எடுத்தது. இந்தியாவுக்கான இணைய உரிமையை, ரிலையன்ஸ் பின்னணியில் இருந்த வயாகாம்18 எடுத்தது. இருவரும் எதிரிகள், ஆகவே இலவசப் போட்டி நடந்தது, இடையிலே மக்களுக்கு இரண்டு ஆண்டு கொண்டாட்டம். 2023இல், இந்திய அணி உள்நாட்டில் ஆடும் 88 பந்தயங்களின் உரிமையையும் 5,963 கோடிக்கு வயாகாம்18 வாங்கிக்கொண்டது. அப்புறம் என்ன நடந்தது? ஏலத்தில் எதிரெதிராக நின்றவர்கள் 2024 நவம்பர் 14ஆம் நாள் சம்பந்திகளாகிவிட்டார்கள். 70,352 கோடி ரூபாய் மதிப்புள்ள கூட்டு நிறுவனம் பிறந்தது. முன்னதாக, ஆகஸ்ட் 28ஆம் நாள், இந்தியப் போட்டி ஆணையம் சில நிபந்தனைகளோடு அதற்கு ஒப்புதல் தந்திருந்தது. ஐ.பி.எல்., உள்நாட்டுப் பந்தயம், உலகக் கோப்பை மூன்றும் ஒரே கூரையின் கீழ் வந்தன. 2025 பிப்ரவரி 14ஆம் நாள் இரண்டு செயலிகளும் ஒன்றாயின. அடுத்து வந்த ஐ.பி.எல்.லில் பழைய இலவசம் இல்லை. சிறிது நேரம் காட்டுவார்கள். பிறகு பணப்பெட்டி நீளும்.

மூன்று மாதத்துக்கு 149 ரூபாய் என்று அன்று அறிவித்தார்கள். மலிவுதானே என்பீர்கள். அது ஒரு கைப்பேசிக்கு மட்டும். அதிலும் விளம்பரம் உண்டு. குடும்பத்தோடு உட்கார்ந்து பெரிய திரையில் பார்க்கவேண்டுமானால் வேறு விலை. ஜியோ கைப்பேசிக்கு 299 ரூபாய்க்கோ அதற்கு மேலோ ரீசார்ஜ் செய்தால் 90 நாட்கள் இலவசம் என்றும் ஓர் அறிவிப்பு வந்தது. ஆட்டம் தூண்டில் புழுவாயிற்று. பிடிபட்ட மீன் தொலைபேசி வாடிக்கைக்காரர்! கட்டணத்தோடு செலவு முடிந்ததா? உயர்தரப் படமாக ஒரு மணி நேரம் பார்த்தால் ஒரு ஜி.பி.க்கு மேல் கரைந்துபோகிறது. நாளுக்கு ஒன்றரை, இரண்டு ஜி.பி. வைத்திருக்கும் கூலித்தொழிலாளி இரண்டாவது இன்னிங்ஸைப் பார்ப்பது எப்படி? காசு கொடுத்துப் பார்த்தாலும் இணையப் படம் பல நொடிகள் பின்தங்கித்தான் வருகிறது. எதிர்வீட்டிலே வெடி வெடித்த பிறகு நம் திரையில் பந்து வீசப்படுகிறது. இது அறிவியலின் வளர்ச்சியாம்!

வியாபாரி வியாபாரம் செய்கிறார். அவரை மட்டும் நொந்து பயனில்லை. சட்டம் செய்தவர்கள் எங்கே போனார்கள்? நாம் கேட்க விரும்புவது அதுதான்.

1993இல் ஹீரோ கோப்பைப் பந்தயங்களை யார் ஒளிபரப்புவது என்று வங்காள கிரிக்கெட் சங்கத்துக்கும் தூர்தர்ஷனுக்கும் வழக்கு மூண்டது. 1995 பிப்ரவரியில் உச்சநீதிமன்றம் அளித்த தீர்ப்பிலே ஒரு பெரிய உண்மை பதிவாயிற்று: வான் அலைகள் பொதுச் சொத்து, சர்க்காருக்கும் ஏகபோகம் இல்லை, தனியாருக்கும் இல்லை. பிறகு 2007இல், மேற்கிந்திய அணியோடு நடந்த ஆட்டங்களைத் தூர்தர்ஷனோடு பகிர்ந்துகொள்ள நிம்பஸ் நிறுவனம் மறுத்தபோது நாடெங்கும் கூச்சல் எழுந்தது. முதலில் அவசரச் சட்டம் வந்தது, பின்பு நாடாளுமன்றச் சட்டமே வந்தது. தேசிய முக்கியத்துவம் வாய்ந்த பந்தயங்களை நேரடியாக ஒளிபரப்புகிறவர், தம் விளம்பரங்களை நீக்கிய ஒளிபரப்பைப் பிரசார் பாரதிக்குத் தரவேண்டும். விளம்பர வருவாயில் உரிமையாளருக்கு 75 பங்கு, பிரசார் பாரதிக்கு 25 பங்கு. யார் வயிற்றிலும் அடிக்காத ஏற்பாடு, நல்ல சட்டம்.

ஆனால் அந்தச் சட்டம் இன்று எந்த நிலையில் இருக்கிறது? இரண்டு வழிகளில் மக்களிடம் ஆட்டத்தைக் கொண்டுசெல்லலாம் என்கிறது அது. ஒன்று, தரைவழி ஒளிபரப்பு, அதாவது வீட்டுக்கூரையில் ஆண்டெனா வைத்துப் பார்த்தோமே, அது. அந்தப் பழைய தூர்தர்ஷன் கோபுரங்களில் பெரும்பாலானவற்றை 2022க்குள் சர்க்காரே மூடிவிட்டது. மற்றொன்று, பிரசார் பாரதியின் டி.டி. ஃப்ரீ டிஷ் என்னும் இலவசக் குடை. நம் ஊர்களில் குடையைவிடக் கேபிள்தான் அதிகம். தூர்தர்ஷன் சேனல்களைக் கேபிள்காரர் கட்டாயம் காட்டவேண்டும் என்பது சட்டம். ஆகவே பகிர்ந்த ஆட்டம் கேபிள் வீடுகளுக்கும் வந்துகொண்டிருந்தது. 2017 ஆகஸ்டில் உச்சநீதிமன்றம், அது கூடாது, பகிர்வு தூர்தர்ஷனின் சொந்தத் தரைவழிக்கும் குடைக்கும் மட்டுமே என்று தீர்த்தது. சட்டத்தின் சொற்கள் அப்படி இருந்தன. நீதிபதிகள் சொற்களைப் படித்தார்கள். சொற்களைத் திருத்தும் பொறுப்பு நாடாளுமன்றத்தினுடையது. ஆண்டுகள் ஓடின, திருத்தம் வரவில்லை. சர்க்காருக்குச் சொந்தமான சேனல், கேபிள் சந்தாதாரர் வீட்டில் ஆட்டத்தை மறைத்துவிட்டு வேறு நிகழ்ச்சி ஓட்டும் விந்தையைப் பார்த்தோம்.

இதைவிடப் பெரிய ஓட்டை வேறு இருக்கிறது. கேபிளிலோ டி.டி.எச்.சிலோ நேரடியாகக் காட்டினால் பகிரவேண்டும் என்றுதான் 2007ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. இணையத்தில் மட்டும் காட்டினால்? சட்டம் வாய் திறக்கவில்லை. அன்று கைப்பேசியில் ஆட்டம் பார்க்கலாம் என்று யார் கண்டார்? இன்றுவரை பெரிய ஆட்டங்கள் தொலைக்காட்சியிலும் வருவதால் ஓட்டை வெளியே தெரியவில்லை. 2022இல் இந்திய அணி மேற்கிந்தியத் தீவுகளுக்குப் போனபோது ஃபேன்கோட் செயலியிலும் தூர்தர்ஷனிலும்தான் பார்க்க முடிந்தது. தூர்தர்ஷன் முன்வந்ததால் பிழைத்தோம். அதுவும் கைவிட்டிருந்தால், இந்திய அணியின் ஆட்டத்தைச் செயலி வைத்திருப்பவர் மட்டும் பார்த்திருப்பார். சட்டப் புத்தகத்தைப் புரட்டினாலும் பயன் இருந்திருக்காது.

"பல்லாயிரம் கோடி கொட்டி வாங்கியவர் இலவசமாகத் தருவாரா?" என்று கேட்பார்கள். இலவசம் கேட்கவில்லை நாம். 75க்கு 25 என்ற பழைய பங்கீட்டையே கேட்கிறோம். ஐ.பி.எல். தனியார் கேளிக்கை, தேசியப் பட்டியலில் அது இல்லை, அதை வியாபாரிகளே நடத்திக்கொள்ளட்டும். நாட்டின் பெயரைச் சட்டையில் பொறித்துக்கொண்டு ஆடும் அணியைப் பற்றியே பேசுகிறோம். "இணையம் வேறு, வான் அலை வேறு" என்றும் சிலர் நுணுக்கம் பேசுவார்கள். கைப்பேசிக்கு ஆட்டம் எதன்மேல் ஏறி வருகிறது? சர்க்கார் ஏலம் விட்ட அலைக்கற்றையின் மேல்தானே! 1995இல் பொதுச் சொத்தாக இருந்த அலை, கைப்பேசிக்குள் நுழைந்ததும் தனிச் சொத்தாகிவிடுமா?

முதலாளித்துவத்தின் தலைநகரமான அமெரிக்காவைப் பாருங்கள். 2024 ஜனவரி 13ஆம் நாள் கன்சாஸ் சிட்டி, மயாமி அணிகள் மோதிய கால்பந்து ஆட்டம் பீகாக் என்ற கட்டணச் செயலியில் மட்டும் காட்டப்பட்டது. ஆனாலும் அந்த இரண்டு ஊர்களிலும் உள்ளூர்த் தொலைக்காட்சி நிலையத்தில் இலவசமாக வந்தது; சொந்த ஊர் மக்களுக்கு மறைக்கக்கூடாது என்பது அந்தச் சங்கத்தின் விதி. சந்தையைக் கும்பிடும் நாட்டிலேயே அந்த அளவு மரியாதை இருக்கிறது. பிரிட்டனிலோ, இலவசத் தொலைக்காட்சிக்கு முதல் வாய்ப்புத் தரவேண்டிய பந்தயங்களின் பட்டியல் 1996ஆம் ஆண்டுச் சட்டத்தில் உண்டு; 2024இல் புதிய ஊடகச் சட்டம் செய்து இணைய ஒளிபரப்பாளரையும் அந்த வேலிக்குள் கொண்டுவந்தார்கள். அங்கே முடிந்தது இங்கே முடியாதா?

நம் வீட்டுப் பிள்ளை குகேஷ் 2024 டிசம்பர் 12ஆம் நாள் சிங்கப்பூரில் 18 வயதில் உலகச் சதுரங்க வீரரானதை யூடியூபில் காசில்லாமல் பார்த்தோம். எந்தப் பெட்டியில், எந்தக் கட்டணத்தில் என்று ஒருவரும் திண்டாடவில்லை. அதனால் சதுரங்கம் அழிந்துபோய்விட்டதா?

ஒளிபரப்புச் சேவைகளுக்கான புதிய மசோதாவின் வரைவை மத்திய சர்க்கார் 2023 நவம்பரில் வெளியிட்டது. ஓ.டி.டி. நிறுவனங்களை அடக்குவது எப்படி, செய்தி சொல்வோரைக் கட்டுப்படுத்துவது எப்படி என்றே அதைச் சுற்றி வாதம் நடந்தது. ஆட்டம் பார்க்கும் கோடிக்கணக்கான மக்களுக்காகக் குரல் எழுப்பியோர் குறைவு. 2007ஆம் ஆண்டுச் சட்டத்தின் மூன்றாம் பிரிவில் இணையத்தையும் சேர்க்கவேண்டும். பகிரப்பட்ட ஆட்டம், கேபிள் வீட்டுக்கும், 2024 நவம்பரில் பிரசார் பாரதி தொடங்கிய வேவ்ஸ் செயலிக்கும் போகவேண்டும். ஒவ்வொரு பந்தயமும் எந்தச் சேனலில், எந்தச் செயலியில், எந்த மொழியில், என்ன கட்டணத்தில் என்பதை உரிமை விற்கும் கிரிக்கெட் வாரியமே முன்கூட்டி வெளியிடவேண்டும். 2019 முதல் கேபிளிலே வேண்டிய சேனலை மட்டும் தனியாக வாங்கலாம் என்று விதி இருக்கிறது. செயலியில் ஒரே ஒரு ஆட்டத்தைத் தனியாக வாங்க ஏன் வழி இல்லை? ஃபேன்கோட் அப்படித் தனிச்சீட்டு விற்றுக் காட்டியிருக்கிறதே!

தமிழ்நாட்டிலிருந்து மக்களவைக்குப் போயிருப்பவர்கள் 39 பேர். அடுத்த கூட்டத்தொடரின் கேள்வி நேரத்தில், இவர்களில் ஒருவராவது எழுந்து, மூன்றாம் பிரிவைத் திருத்தும் எண்ணம் உண்டா, இல்லையா என்று தகவல் ஒலிபரப்பு அமைச்சரைக் கேட்கட்டும். பதிலை இந்தப் பத்தியிலேயே வெளியிடுவோம்.